ஒரு இரும்பு கேட், முப்பத்துமூன்று தவணை

என் வயசுக்காரர்களுக்காக இதை எழுதுகிறேன். ஐம்பத்தைந்தைத் தாண்டி, பிள்ளை வங்கிக் கடனில் ஃபிளாட் வாங்குகிறான் என்று டீக்கடையில் பெருமையாகச் சொல்லித் திரிகிறவர்கள் கொஞ்சம் உட்கார்ந்து படிக்கட்டும். நான் எட்டாவதுக்கு மேல் படிக்காதவன். எழுத்தில் பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். ஆனால் இரும்பைப் பற்றி எனக்கு யாரும் பாடம் நடத்த முடியாது. கவரைப்பேட்டையில் மூன்று ஷெட் வைத்திருக்கிறேன். இருபத்திரண்டு பேர் என்னிடம் சம்பளம் வாங்குகிறார்கள். இந்தப் பக்கம் கும்மிடிப்பூண்டியிலிருந்து அந்தப் பக்கம் செவ்வாப்பேட்டை வரை புதிதாக எழும்பியிருக்கும் அடுக்குமாடிகளில் பாதிக்குக் கேட் போட்டவன் நான். மீசை முளைப்பதற்கு முன்பே வெல்டிங் ராடு பிடித்த கை இது. யார் தயவும் இல்லாமல் மேலே வந்தவன் என்று முப்பது வருஷமாகச் சொல்லி வந்தேன். போன மாசம் வரைக்கும் சொன்னேன்.

போன மாசம் என் மகன் கைப்பேசியில் ஒரு கணக்கைப் போட்டுக் காட்டினான். அதற்கு அப்புறம் வருகிறேன். முதலில் ஒரு மழைக்காலத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். அப்போது எனக்குப் பன்னிரண்டு வயசு.

அப்பாவை நாங்கள் நைனா என்றுதான் கூப்பிடுவோம். எங்கள் நைனாவின் அப்பா காலம் வரைக்கும் எங்கள் ஆட்களுக்குச் சொந்தமாக ஒரு சாண் மண் கிடையாது. பிறத்தியார் நெல் வயலில் இறங்கிப் பிழைத்தவர்கள். தொழிற்பேட்டை வந்தது. குழாய் செய்யும் கம்பெனியில் நைனாவுக்கு வேலை கிடைத்தது. காக்கிச் சட்டை, டோக்கன் நம்பர், கேன்டீனில் நாஷ்டா, மாசா மாசம் சம்பளச் சீட்டு. அந்தச் சீட்டைக் காட்டி, சர்க்கார் கொடுத்த மூன்று சென்ட் பட்டாவை அடமானமாக வைத்து, வீட்டுக் கடன் சங்கத்தில் முப்பதாயிரம் வாங்கினார். பதினைந்து வருஷம். மாசம் முந்நூற்று அறுபது. சம்பளத்தில் பாதி அதற்கே போய்விடும். இரண்டு அறை, ஒரு சமையல்கட்டு, மேலே சிமென்ட் தளம். வெளிச்சுவரைப் பூசுவதற்குள் காசு தீர்ந்துவிட்டது. செங்கல் பல்லைக் காட்டிக்கொண்டு நின்ற வீடு அது.

அந்தப் பூசாத சுவரில்தான் நைனா ஒரு வழக்கத்தை ஏற்படுத்தினார். ஒவ்வொரு பக்கச் சுவரிலும் நாற்பத்தைந்து வரிசைக் கல். நாலு பக்கத்துக்கும் சேர்த்தால் நூற்றெண்பது. பதினைந்து வருஷத்துக்கும் நூற்றெண்பது தவணை. மேஸ்திரியிடம் சொல்லியே அப்படிக் கட்டியதாக நைனா சொல்வார். தானாக அமைந்ததா என்று எனக்கு இன்றைக்கும் சந்தேகம். தவணை கட்டிய அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஒரு வரிசைக்குச் சுண்ணாம்பு அடிக்க வேண்டும். சுண்ணாம்பு வெள்ளை ஏறிய வரிசை எங்களுடையது. சிவப்பாக இருப்பது இன்னும் சங்கத்துடையது.

அடிக்கிற வேலை என்னுடையது. பழவேற்காட்டுக் கிளிஞ்சல் சுண்ணாம்பைச் சட்டியில் போட்டுத் தண்ணீர் ஊற்றினால் கொதித்துப் புஸ்ஸென்று பொங்கும். அந்த வாசனை இப்போது எந்த டப்பாவிலும் வருவதில்லை. நாரைக் குச்சியில் கட்டி, தோய்த்துத் தோய்த்து அடிப்பேன். விரல் இடுக்கில் புண்ணாகிவிடும். போகிற வருகிறவர்கள் நிற்பார்கள்.

"இன்னாபா, இந்த மாசம் எத்தினி கல்லு வாங்கின?"

"ஒரு வரிசை. இன்னும் நூத்தி ஐம்பத்தி ஆறு கீது."

"ஆவட்டும், ஆவட்டும். ஜன்னலு உன்னுதாச்சா?"

"ஜன்னலு போன வருசமே நம்முது."

நைனாவின் குரலில் அப்போது இருந்த மிதப்பை நான் சம்பாதித்த எந்தக் காசிலும் வாங்க முடியவில்லை. இருபத்துநாலு தவணை முடிந்திருந்தது. முன்பக்கச் சுவரில் நைனாவின் தலை உயரத்துக்கு வெள்ளை ஏறியிருந்தது.

நைனா முட்டாள் இல்லை. அவர் பழகிய உலகம் வேறு. வயலில் வேலை செய்த நாளில் நிலக்காரரிடம் நூறு ரூபாய் வாங்கினால், அதற்கு வட்டியைக் காசாக யாரும் கேட்கமாட்டார்கள். வட்டிக்கு ஆள் போய் உழைக்க வேண்டும். நடவுக்கு இத்தனை நாள், அறுப்புக்கு இத்தனை நாள், மாட்டுக் கொட்டகை தனி. கையில் எப்போதாவது காசு சேர்ந்து கொண்டுபோய்க் கொடுத்தால் அது அப்படியே முதலில் கழியும். வட்டி உடம்பில் போகும், முதல் காசில் போகும். நைனாவின் அப்பா முப்பது வருஷம் அப்படி வட்டிக்கு ஏர் பிடித்தவர். சங்கத்தில் நைனாவை யாரும் வேலைக்குக் கூப்பிடவில்லை. காசை வாங்கிக்கொண்டு முத்திரை குத்திக் கொடுத்தார்கள். ஆகவே கட்டுகிற காசெல்லாம் முதலுக்குத்தான் போகிறது என்று அவர் முடிவுகட்டிவிட்டார். பாஸ் புத்தகத்தில் முத்திரையைப் பார்ப்பார், மூடிவிடுவார்.

அதைத் திறந்து படித்தது அக்கா.

அக்காவுக்குப் பதினைந்து வயசு, பத்தாவது படித்துக்கொண்டிருந்தாள். கணக்கில் அவளை அடிக்கப் பள்ளிக்கூடத்தில் ஆள் கிடையாது. பொன்னேரியில் பதினொன்றாவது சேர்ந்து, அப்புறம் டீச்சர் டிரெய்னிங் போவது என்று தீர்மானமாக இருந்தாள். நைனாவும் சரி என்றுதான் சொல்லியிருந்தார். அவளுக்கு வேண்டியது அது ஒன்றுதான். நல்ல சோறு, நல்ல துணி என்று அவள் எதையும் கேட்டு நான் பார்த்ததில்லை.

ஐப்பசி மழைக்குப் பள்ளிக்கூடம் லீவு விட்டிருந்தார்கள். நைனா பகல் ஷிப்ட். தவணை கட்ட அக்காவை அனுப்பினார். நானும் கூடப் போனேன். சங்க ஆபீஸில் ஈரக் குடைகளின் நாற்றம். பெஞ்சில் உட்கார்ந்து நான் வேர்க்கடலை தின்றுகொண்டிருந்தேன். குமாஸ்தா மூக்குக் கண்ணாடிக்கு மேலாகப் பார்த்து, காசை எண்ணி, எழுதி, முத்திரை குத்தி நீட்டினார். அக்கா நகரவில்லை.

"சார், முந்நூத்தி அறுபது கட்டனேன். எழுபத்தஞ்சுதான் கொறச்சி எழுதிக்கிறீங்க."

"மீதி வட்டிமா."

"முந்நூத்துக்குப் பக்கத்துல வட்டியா?"

"மொதல்ல வட்டிக்குத்தான் எடுத்துப்போம். அசலு மெல்லத்தான் கரையும். போவப் போவ வட்டி கொறையும், அசலு ஏறும். எல்லாருக்கும் இதே கதைதான், உனக்கு மட்டுமில்ல."

"ரெண்டு வருசத்துல எட்டாயிரத்தி அறுநூத்தி நாப்பது கட்டிக்கீறோம் சார்."

அவர் பேரேட்டைத் திருப்பினார். "அதுல அசலுல கழிஞ்சது ஆயிரத்தி அறுநூத்தி பதினெட்டு."

அக்கா பாஸ் புத்தகத்தை முதல் பக்கத்துக்குத் திருப்பினாள்.

"கடைசி வரைக்கும் கட்டனா மொத்தம் எவ்ளோ சார் ஆவும்?"

"அறுபத்தி நாலாயிரத்தி எண்ணூறு."

"முப்பதாயிரத்துக்கா?"

"முப்பதாயிரத்துக்குத்தான். பதினஞ்சு வருசம் வச்சிக்கிறீங்க இல்ல."

"நடுவுல ஒரு மூவாயிரம் ஒண்ணாக் கட்டனா?"

குமாஸ்தா அப்போதுதான் அவள் முகத்தைப் பார்த்தார். "யாரு கேட்டுக்கினு வரச் சொன்னது?"

"யாரும் சொல்லல சார். நைனாக்குக் கம்பெனில சம்பள ஒப்பந்தத்துப் பாக்கி வர்து. போனசும் வர்து."

தடிப் புத்தகம் ஒன்றை எடுத்து, விரலை எச்சில் செய்து புரட்டி, காகிதத்தில் கிறுக்கிப் பார்த்தார். "கடைசில முப்பத்தி மூணு தவணை ஒழிஞ்சிடும். ரெண்டே முக்கா வருசம். இத்தன வருசத்துல எவனும் வந்து இத்தக் கேட்டதில்லமா."

மேசையில் கிடந்த பேனாவை எடுத்து அக்கா உள்ளங்கையில் 33 என்று எழுதிக்கொண்டாள். மழையில் நனையாமல் அந்தக் கையை மூடிக்கொண்டே வீடு வரைக்கும் நடந்தாள்.

வந்ததும் அடுப்பிலிருந்து ஒரு கரித்துண்டை எடுத்துக்கொண்டு முன்பக்கச் சுவருக்குப் போனாள். அசலில் கழிந்ததற்குப் பத்து வரிசைதான் கணக்கு. கீழிருந்து பத்து வரிசை எண்ணி, பத்தாவதின் மேல் நீளமாக ஒரு கோடு இழுத்தாள். அந்தக் கோடு என் இடுப்புக்குத்தான் வந்தது. வெள்ளை நைனாவின் தலைக்கு மேல் நின்றது. கோட்டுக்குப் பக்கத்தில் பெரிதாக 33 என்று எழுதினாள்.

சைரன் ஊதி, சைக்கிள் வந்தது. நைனா டிபன் பாக்ஸைக் கழற்றாமலே சுவரைப் பார்த்து நின்றார்.

"இன்னா இது?"

"இதுவரைக்கும்தான் நைனா நம்முது. மேல கீறது எல்லாம் வட்டி."

"வட்டியா? யாருக்கு வட்டி?"

"சங்கத்துக்கு. மாசா மாசம் எடுத்துக்கினுதான் கீறாங்க. புக்குல எய்திக்கீது."

நைனா சிரித்தார். கோபப்பட்டிருந்தால்கூட அவள் தாங்கியிருப்பாள். "பாப்பா, வட்டின்னா இன்னான்னு எனுக்குத் தெரியும். எங்கப்பன் வட்டிக்கு ஏரு புடிச்சான். நான் டப்பு கட்றேன். டப்பு கட்டனா மொதலு."

"இல்ல நைனா. குமாஸ்தா சொன்னாரு."

"அவுரு சொல்வாரு. உன்ன மாதிரி ஒரு பொண்ணு போயி நின்னா இன்னா வோணா சொல்வாரு."

அக்கா விடவில்லை. வரப்போகிற மூவாயிரத்தை அப்படியே சங்கத்தில் கட்டச் சொன்னாள். கடைசியில் முப்பத்துமூன்று மாசம் குறையும் என்றாள். கம்பெனியில் ரகளை நடக்கிறதே, நாளைக்கு வேலை இல்லையென்றால் யார் கட்டுவது என்றாள். அம்மா சமையல்கட்டு வாசலில் நின்று, "பாப்பா சொல்றதுலயும் இன்னாமோ கீதுயா" என்று இழுத்தாள்.

ஆனால் நைனா அந்த மூவாயிரத்துக்கு ஏற்கெனவே ஒரு கனவு வைத்திருந்தார். கேட். இரண்டு கான்கிரீட் தூண், நடுவே ஆள் உயரத்துக்கு இரட்டைக் கதவு இரும்பு கேட். கம்பெனி மேனேஜர் வீட்டில் இருக்கிற மாதிரி. நிலக்காரர் வீட்டு கேட்டுக்கு வெளியே கைகட்டி நின்ற ஆள் அவருடைய அப்பா. அவருக்குள் என்ன ஓடியது என்று எனக்கு இன்றைக்குப் புரிகிறது. அன்றைக்குப் புரியவில்லை. எனக்குத் தெரிந்தது ஒன்றுதான். கேட் வந்தால் அதில் ஏறி ஆடலாம்.

நைனா என்னைக் கூப்பிட்டு மடியில் சாய்த்துக்கொண்டார். "சின்னவனே, நீ சொல்றா. ஆம்பளப் புள்ள நீதான் இந்த ஊட்டுக்கு. கேட்டு வோணுமா, வாணாமா? உன் பேரு மொத எழுத்த இரும்புல செஞ்சி நடுவுல வைப்பேன்."

அக்கா என்னைப் பார்த்தாள். வாயால் எதுவும் கேட்கவில்லை. சங்கத்து பெஞ்சில் நானும்தானே இருந்தேன். குமாஸ்தா சொன்னது அத்தனையும் என் காதிலும் விழுந்தது.

"கேட்டு வோணும் நைனா" என்றேன்.

"அவ்ளோதான். ஓட்டு முடிஞ்சிச்சி." நைனா என் முதுகில் தட்டினார். "போயி அந்தக் கோட்ட அழி."

அழித்தேன். சுண்ணாம்புச் சட்டி தயாராகத்தான் இருந்தது. ஒரு பூச்சுக்குக் கரி அடங்கவில்லை, சாம்பலாகத் தெரிந்தது. மூன்று பூச்சு அடித்தேன். நல்லா அடித்தேன் என்று அப்போது பெருமையாகக்கூட இருந்தது.

தீபாவளி கழிந்து, நைனா என்னைச் சைக்கிளில் முன்னால் உட்கார வைத்துக்கொண்டு கவரைப்பேட்டைப் பட்டறைக்குப் போனார். அதுதான் நான் முதல் முதலாக வெல்டிங்கைப் பார்த்தது. நீலமும் வெள்ளையுமாக ஒரு நெருப்பு, இரும்பை இரும்போடு ஒட்ட வைக்கிற நெருப்பு. பட்டறைக்காரர் "டேய், பாக்காதடா, கண்ணு பூடும்" என்று கத்திக்கொண்டே இருந்தார். நான் பார்த்துக்கொண்டே இருந்தேன். சாயங்காலம் கண்ணில் மணலைக் கொட்டிய மாதிரி எரிச்சல். அம்மா பக்கத்து வீட்டுக் கைக்குழந்தைக்காரியைக் கெஞ்சித் தாய்ப்பால் வாங்கி வந்து இரண்டு சொட்டு விட்டாள். இரண்டு நாள் கண்ணைத் திறக்க முடியவில்லை.

அந்த இரண்டு நாளும் என் பக்கத்தில் உட்கார்ந்து ஈரத்துணி மாற்றியது அக்காதான். ஒரு வார்த்தை திட்டவில்லை.

"கேட்டு எப்டிடா வர்து?" என்று கேட்டாள்.

மேலே ஈட்டி முனை, நடுவில் சூரியன் மாதிரி வட்டம், வட்டத்துக்குள்ளே என் எழுத்து என்று சொன்னேன். "நல்லாத்தான் கீது" என்றாள். கண் மூடியிருந்ததால் அவள் முகம் எப்படி இருந்தது என்று எனக்குத் தெரியாது.

கேட் டிராக்டரில் வந்து இறங்கியது. சிவப்புப் பூச்சு வாசனை, அதற்கு மேல் பச்சைப் பெயின்ட், ஈட்டி முனைக்கு வெள்ளி. நான்கு பேர் பிடித்து மாட்டினார்கள். தூண், கூலி, பெயின்ட், வந்தவர்களுக்குப் பிரியாணி எல்லாமாக மூவாயிரமும் தீர்ந்தது. மதில் கட்டக் காசில்லை. இந்தப் பக்கமும் வெட்டவெளி, அந்தப் பக்கமும் வெட்டவெளி, நடுவில் பூட்டுப் போட்ட கேட் மட்டும் நின்றது. ஆடுகள் அதைச் சுற்றிக்கொண்டு போய் வந்தன.

"கேட்டத் தொறந்து வுடுபா, ஆடு உள்ள வரணுமாம்" என்று தெருவில் கிண்டல் செய்தார்கள். நைனா அதற்கும் சிரித்தார். ஷிப்ட் முடிந்து வந்தால், காலி இடத்தில் சைக்கிளை விட்டு வரமாட்டார். இறங்கி, பூட்டைத் திறந்து, கேட்டைத் தள்ளி, உள்ளே வந்து, திரும்பப் பூட்டுவார்.

அக்கா பத்தாவதில் பள்ளிக்கூடத்திலேயே முதலாக வந்தாள். ஆனியில் பொன்னேரிப் பள்ளியில் பதினொன்றாவது சேர்ந்தாள். புதுத் தாவணி போட்டுக்கொண்டு மூன்று வாரம் ரயிலில் போய் வந்தாள். நாலாவது வாரம் கம்பெனியில் கதவடைப்பு. சைரன் ஊதாத அந்தக் காலை எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. பேட்டை முழுக்க யாருக்கும் மணி தெரியவில்லை.

ஒரு தவணை நின்றது. இரண்டாவது நின்றது. மூன்றாவதுக்குச் சங்கத்து ஆள் வந்து, கேட்டைத் திறக்கச் சொல்லி, உள்ளே வந்து நோட்டீஸ் கொடுத்தார். ஏலம் என்கிற வார்த்தை அதில் இருந்தது. நைனா பட்டறைக்காரரைக் கூட்டிவந்து கேட்டைக் காட்டினார்.

"நீதானபா செஞ்ச. இன்னா வெலைக்கு எடுத்துப்ப?"

பட்டறைக்காரர் தலையைச் சொறிந்தார். "இன்னாபா, உம் புள்ள எழுத்து போட்ட கேட்ட வேற எவன் ஊட்டுல மாட்டுவான்? கிலோ கணக்குலதான் எடுக்க முடியும். நானூறு, மிஞ்சிப்போனா நானூத்தி இருபது."

அந்த மூவாயிரம் கையில் இருந்திருந்தால் எட்டுத் தவணைக்குக் காணும். கதவடைப்பும் சரியாக எட்டு மாசம்தான். சங்கத்தில் கட்டியிருந்தால் கடைசியில் முப்பத்துமூன்று மாசம் குறைந்திருக்கும். இரண்டும் இல்லாமல் அது வெள்ளி முனையோடு வாசலில் நின்றது.

பேட்டையில் மோட்டாருக்குச் செம்புக் கம்பிச் சுருள் சுற்றுகிற கம்பெனி ஒன்று இருந்தது. பெண் பிள்ளைகளாகப் பார்த்து எடுப்பார்கள், விரல் மெலிசாக இருக்கும் என்று. அக்காவைப் பதினெட்டு வயசு என்று எழுதிச் சேர்த்துக்கொண்டார்கள்.

"எட்டு மாசமோ பத்து மாசமோ பாப்பா. கம்பெனி தொறந்ததும் நீ மறுபடியும் பட்ச்சிக்கலாம்" என்றார் நைனா. அவர் முகம் சுவர்ப் பக்கம் திரும்பியிருந்தது.

"சரி நைனா" என்றாள். தாவணியை மடித்து டிரங்குப் பெட்டியில் அடியில் வைத்தாள்.

கம்பெனி திறந்தது, பாதி ஆட்களோடு. நைனாவின் டோக்கன் நம்பரைக் கூப்பிடவில்லை. அதற்கப்புறம் அவர் லாரி செட்டில் சுமை தூக்கினார், வாட்ச்மேன் வேலை பார்த்தார், ஓராண்டு இருமலில் படுத்தார். தவணையை அக்கா கட்டினாள். விட்டுப்போன மூன்றையும் சிறுகச் சிறுக அவளே சேர்த்துக் கட்டினாள். சுண்ணாம்பு அடிக்கும் வழக்கம் நின்றுபோனது. அடி என்று யாரும் என்னிடம் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

நான் எட்டாவதோடு நின்று அதே பட்டறையில் சேர்ந்தேன். எனக்கும் சம்பளம் வந்தது. ஆனால் எங்கள் வீட்டில் ஒரு ஏற்பாடு, யாரும் வாய்விட்டுச் சொல்லாத ஏற்பாடு. பையன் சம்பளம் பையன் தொழிலுக்கு, பெண் சம்பளம் தவணைக்கு. அது தப்பு என்று அந்த வீட்டில் ஒருத்தருக்கும் தோன்றவில்லை. எனக்கும்தான். அக்காவுக்கு இருபத்தைந்து நடக்கும்போது ரயில்வேயில் வேலை செய்கிற ஒருவர் பெண் கேட்டு வந்தார். "கடன் முடியட்டும், ரெண்டு மூணு வருசம்" என்றார் நைனா. அவர்கள் காத்திருக்கவில்லை.

பதினாலு தவணை பாக்கி இருந்த சமயம். சுற்றுகிற மெஷினில் கம்பி சிக்கி, அக்காவின் வலது கையை இழுத்துக்கொண்டது. ஆட்காட்டி விரலும் நடுவிரலும் போய்விட்டன. ஆஸ்பத்திரியில் நான் போய்ப் பார்த்தபோது, "வலி இல்லடா, மரத்துப்போயி கீது" என்றாள். அந்தக் கம்பெனி கொடுத்த நஷ்டஈட்டில் நாலாயிரத்து அறுநூற்றுச் சொச்சத்தைச் சங்கத்தில் கட்டிப் பத்திரத்தை மீட்டு வந்தாள். இடது கையால் ரசீதில் கையெழுத்துப் போட்டாளாம். குமாஸ்தா வேறு ஆள்.

பத்திரம் என் பெயருக்கு மாறியது. பெண் பிள்ளைக்கு எதற்கு வீடு என்றார்கள். அதே பத்திரத்தை வங்கியில் வைத்துத்தான் நான் என் முதல் வெல்டிங் செட்டை வாங்கினேன், முதல் ஷெட்டைப் போட்டேன். யார் தயவும் இல்லாமல் வந்தவன் என்று மேலே எழுதினேன் அல்லவா. அதை அடிக்காமல் விட்டிருக்கிறேன், நீங்களும் பார்க்க வேண்டும் என்று.

பழைய வீட்டை இடித்து மூன்று மாடி எழுப்பினேன். முன்பக்கச் சுவர் விழுந்த அன்று நான்தான் மேற்பார்வை. கல்லைப் பொறுக்கி லாரியில் ஏற்றினார்கள். எந்தக் கல்லில் கரி இருந்தது என்று ஒரு நிமிஷம் குனிந்து பார்க்கத் தோன்றவில்லை. கேட்டையும் அன்றே காயலான் கடைக்கு எடை போட்டேன்.

இப்போது போன மாசத்துக்கு வருகிறேன். என் மகனுக்கு ஆவடிப் பக்கம் வேலை. செவ்வாப்பேட்டையில் ஃபிளாட் பார்த்திருக்கிறான். நாற்பது லட்சம் கடன், இருபது வருஷம். உள்ளே மரவேலை, சீலிங், பெரிய சமையல்கட்டு செய்ய என்னிடம் நாலு லட்சம் கேட்டு வந்தான்.

"மாசம் முப்பத்தஞ்சாயிரம்கூட இல்லப்பா. ஈசியா போயிடும்."

"மொத்தம் எவ்ளோ கட்டுவ?"

கைப்பேசியைத் தட்டினான். "எண்பத்திமூணு லட்சம்." அவனே ஒரு விநாடி நிறுத்தினான். "எல்லாரும் அப்டித்தான்பா கட்றாங்க."

"அந்த நாலு லட்சத்தக் கடன்ல கழிச்சா?"

தட்டினான். "அம்பத்திரண்டு மாசம் கொறையுது."

எனக்கு உள்ளங்கையில் என்னவோ ஊர்ந்த மாதிரி இருந்தது. பழைய கணக்கைச் சொன்னேன். முப்பதாயிரம், பன்னிரண்டு வட்டி, பதினைந்து வருஷம், இருபத்துநாலு கட்டியாச்சு, மூவாயிரம் சேர்த்துப் போடு. கண்ணாடிச் சில்லு மாதிரி அந்தத் திரையில் எண் வந்தது. முப்பத்துமூன்று.

முப்பத்துமூன்று கழித்தால் நூற்று நாற்பத்தேழாவது தவணையோடு கடன் முடிந்திருக்கும். அக்காவின் விரல் போனது நூற்று அறுபத்தாறு முடிந்து. பத்தொன்பது மாசம் முன்பே அவள் அந்த மெஷினை விட்டு எழுந்திருப்பாள். நைனா ஒரு விஷயத்தில் தவறவில்லை. வட்டி கடைசியில் உடம்பில்தான் போனது. எந்த உடம்பில் என்பதைத்தான் அவர் பார்க்கவில்லை. நான் பார்த்துக்கொண்டே இருந்தேன்.

அக்கா என் வீட்டில்தான் இருக்கிறாள், கீழ்த்தளத்தில் பின்னறை. ராணி மாதிரி வைத்திருக்கிறேன் என்று உங்களில் பலரிடம் நானே சொல்லியிருக்கிறேன். மறுநாள் காலை போனேன். மடியில் முறத்தை வைத்துக்கொண்டு அரிசியில் கல் பார்த்துக்கொண்டிருந்தாள், இடது கையால்.

"அக்கா, அந்தக் கேட்டுக் கணக்கப் புள்ள போன்ல போட்டான். முப்பத்தி மூணு மாசம் வர்து."

அவள் நிமிரவில்லை. "உனுக்கு இன்னிக்குத்தான் வந்துச்சா?"

நான் அவள் அறை வாசற்படியில் உட்கார்ந்தேன்.

"அன்னிக்கே செவுத்துல எய்தினேனே. நீதான் சுண்ணாம்பு அட்ச்ச."

"நான் சின்னப் பையன்க்கா அப்போ."

"ஆமா. நானும் சின்னப் பொண்ணுதான்."

இரண்டு கல்லைப் பொறுக்கி வெளியே போட்டாள். அப்புறம் கேட்டாள்: "புள்ள எத்தினி வருசத்துக்கு வாங்கறான்?"

"இருபது."

"அவன் பொண்ணுக்கு இப்போ இன்னா வயசு?"

"பத்து" என்றேன்.

"கடன் முடியறப்ப அவுளுக்கு முப்பது." அக்கா முறத்தைக் கீழே வைத்தாள்.